திதி தெரியாதவர்கள்: 1942 பர்மா நடை பற்றிய படத்துக்கு உங்கள் வீட்டு நினைவுகள் வேண்டும்

படச்சுருள் எழுதியது (சனிக்கிழமை, இரவு 9.40)

அனைவருக்கும் வணக்கம். ஆவணப்படம் எடுப்பது என் தொழில். அம்மா வழியில் எனக்குக் கண்டனூர். இரண்டு ஆண்டுகளாக ஒரே ஒரு படத்துக்காகச் செட்டிநாட்டு ஊர்களில் வீடு வீடாக ஏறி இறங்கிக்கொண்டிருக்கிறேன்.

1941 டிசம்பர் 23 அன்று ஜப்பானிய விமானங்கள் ரங்கூனில் குண்டு போட்டன. இரண்டு நாள் கழித்து, கிறிஸ்துமஸ் அன்று, மறுபடியும் வந்து போட்டன. 1942 மார்ச் 8 அன்று நகரமே ஜப்பானியர் கைக்குப் போனது. அந்த ஆண்டில் பர்மாவை விட்டுக் கிளம்பிய இந்தியர்கள் சுமார் 5 லட்சம் பேர். கப்பலில் இடம் கிடைத்தவர்கள் கப்பல் ஏறினார்கள். மற்றவர்கள் நடந்தார்கள். புரோமிலிருந்து ஐராவதியைக் கடந்து, தவுங்கப் கணவாய் வழியாக அக்யாப், அங்கிருந்து சிட்டகாங் என்று ஒரு வழி. தமு, இம்பால், திமாப்பூர் என்று இன்னொரு வழி. ஹூகாங் பள்ளத்தாக்கின் சேற்றில் இறங்கி அசாமின் லேடோவுக்குப் போனது மூன்றாவது வழி. காலராவிலும் பசியிலும் பாதையோரம் விழுந்தவர்களை எவரும் எண்ணவில்லை.

இதுவரை பதினோரு வீடுகளில் பேசியிருக்கிறேன். எல்லா வீட்டிலும் முதலில் கிடைப்பது ஒரே வாக்கியம்: "பர்மாவோடு எல்லாம் போய்விட்டது." எல்லாம் என்றால் நிலம், வரவேண்டிய கடன், பூட்டிவிட்டு வந்த கடை. ஏக்கர்க் கணக்குகூட மறக்கவில்லை. ஆனால் போனவர்களில் திரும்பி வராதவர் யார் என்று கேட்டால் பேச்சு நின்றுவிடுகிறது. காபி வருகிறது. வீட்டைச் சுற்றிக் காட்டுகிறார்கள்.

ஒரு வீட்டில் நான் பார்த்ததைச் சொல்கிறேன். ரங்கூன் கடையிலிருந்து ஊருக்கு வரும் கணக்குகளைப் படியெடுத்து வைத்த ஏடு அது. விஷு வருடம் (1941) கார்த்திகை வரைக்கும் கணக்குப்பிள்ளையின் குண்டுகுண்டான எழுத்து. அதற்கடுத்து நான்கு பக்கம் வெற்றுத்தாள். ஐந்தாம் பக்கத்தில் வேறொரு கை, பென்சிலால் எழுதத் தொடங்கியிருக்கிறது: பால் அரைப் படி, பால் அரைப் படி, பால் கால் படி. அந்த வீட்டு ஆச்சி எழுதியது. நான்கு பக்கம் காத்திருந்துவிட்டு, இனி ரங்கூன் கணக்கு வராது என்று தெரிந்த பிறகு, தாளை வீணாக்காமல் பால் கணக்கு எழுதியிருக்கிறார். அரைப் படி கால் படியான இடத்தைக் காமிராவில் எடுக்கும்போது என் கை நடுங்கியது.

எனக்கு வேண்டியது இதுதான். கடிதம், தந்தி, பாத்திரம், எதுவாக இருந்தாலும் சரி. முக்கியமாக, வழியில் இறந்துபோய், எந்த நாள் என்று தெரியாததால் ஆடி, தை, மகாளய அமாவாசையில் மட்டும் நீர் இறைக்கப்படுகிறவர்கள் உங்கள் வீட்டில் இருந்தால் எழுதுங்கள்.

பேரேடு எழுதியது (சனிக்கிழமை, இரவு 11.15)

நல்ல காரியம், அம்மா. தேவகோட்டையில் முப்பது ஆண்டு வணிகவியல் வாத்தியாராக இருந்தவன் நான். ஒரு விஷயத்தை முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன், கோபிக்க வேண்டாம்.

"எல்லாம் போய்விட்டது" என்பதைப் படத்தின் தொடக்கமாக வைத்தால், அதற்கு முன்னால் அந்த "எல்லாம்" எப்படி வந்தது என்பதையும் காட்ட வேண்டும். கீழ் பர்மாவின் நெல் வயல்களுக்குச் செட்டியார்கள் கடன் கொடுத்தார்கள். அந்தக் கடன் இல்லாமல் அந்த டெல்டா நெற்களஞ்சியமாக மாறியிருக்காது. நிலத்தை எடுத்துக்கொள்ளும் எண்ணமும் அவர்களுக்கு முதலில் கிடையாது. வட்டிதான் தொழில், விவசாயம் அல்ல. 1930-களின் பெருமந்தத்தில் நெல் விலை சரிந்தது. கடன் திரும்பவில்லை, அடமான நிலம் கைக்கு வந்தது. நெல் விளையும் 13 முக்கிய மாவட்டங்களில் 1930-இல் 6 சதவீத நிலம் செட்டியார்களிடம் இருந்தது. 1938-இல் அது 25 சதவீதம். நாலில் ஒரு வயல்.

அந்த வயலை இழந்த பர்மிய விவசாயியின் பேரனும் எங்கோ உட்கார்ந்து, "எல்லாம் போய்விட்டது" என்று சொல்லிக்கொண்டிருப்பான். 1930-இலும் 1938-இலும் ரங்கூனில் நடந்த கலவரங்களையும், 1937-இல் பர்மா இந்தியாவிலிருந்து பிரிக்கப்பட்டதையும், 1948-இல் வந்த, நிலத்தை அரசுடைமையாக்கும் சட்டத்தையும் சொல்லாமல் குண்டு விழுந்த நாளில் படம் தொடங்கினால், வானத்திலிருந்து விழுந்த துன்பம்போல ஆகிவிடும்.

ஊருணிக்கரை எழுதியது (ஞாயிறு, காலை 7.05)

பேரேடு ஐயாவை மதிக்கிறேன். ஆனால் ஒவ்வொரு முறையும் நம் ஆட்களைப் பற்றிப் பேசத் தொடங்கினால் வட்டியில்தான் வந்து முடிகிறது. என் கொள்ளுத்தாத்தா குண்டு விழுந்த பிறகும் கடையை விட்டு வரவில்லை. ஜப்பானியர் காலம் முழுவதும் அங்கேயே இருந்தார். கடன் வாங்கியவர்கள் ஜப்பான் அரசு அச்சடித்த ரூபாய் நோட்டைக் கொண்டுவந்து கணக்கைத் தீர்த்தார்கள். வாங்க மாட்டேன் என்று சொல்ல முடியாது. 1945-இல் அந்த நோட்டு வெறும் தாளாகிவிட்டது. எங்கள் பரணில் இன்னும் ஒரு கட்டு இருக்கிறது, சணல் கயிறு போட்டு.

ஊர் திரும்பியபோது அவருக்கு வயது நாற்பத்திரண்டு. பார்த்தவர்கள் அறுபது என்று நினைத்தார்களாம். அதற்குப் பிறகு முகப்புத் திண்ணையைத் தாண்டி எங்கும் போகவில்லை. இவரைப் போன்றவர்களைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றும் படமென்றால் என் வீட்டுக் கதவு திறக்காது.

இன்னொன்று. சில ஆண்டுகளுக்கு முன்னால் ஒரு தொலைக்காட்சிக் குழு வந்து, ரங்கூன் கடையின் முன்னால் எடுத்த ஒரே புகைப்படத்தை "நகல் எடுத்துத் தருகிறோம்" என்று வாங்கிப்போனது. இன்றுவரை வரவில்லை. என் அப்பத்தா சாகும்வரை அதைக் கேட்டுக்கொண்டிருந்தார்.

படச்சுருள் எழுதியது (ஞாயிறு, காலை 8.30)

ஊருணிக்கரை தம்பி, அந்தப் புகைப்படத்துக்காக என் தொழில் சார்பில் தலைகுனிகிறேன். நான் எந்த வீட்டிலிருந்தும் ஒரு தாளைக்கூட வெளியே கொண்டுபோவதில்லை. விளக்கும் காமிராவும்தான் உள்ளே வருகின்றன. எடுத்ததை அன்றைக்கே அந்த வீட்டுக்காரருக்குப் போட்டுக் காட்டிவிட்டுத்தான் படி இறங்குகிறேன். வேண்டாம் என்று சொன்னதை அழித்திருக்கிறேன்.

கூண்டில் யாரையும் ஏற்றவில்லை. ஆனால் பேரேடு ஐயா சொன்னதையும் விட மாட்டேன். உங்கள் கொள்ளுத்தாத்தாவின் திண்ணையும் அந்தப் பர்மிய விவசாயியின் வயலும் ஒரே படத்தில் இருந்தாக வேண்டும் என்று நினைக்கிறேன். எப்படி என்பதற்குத்தான் இன்னும் வழி தெரியவில்லை.

பர்மா காலனி எழுதியது (ஞாயிறு, பிற்பகல் 3.20)

இங்கே எழுதலாமா என்று இரண்டு முறை யோசித்தேன். நாங்கள் நகரத்தார் (செட்டியார்) இல்லை. என் தாத்தா ரங்கூன் மொகல் தெருவில், செட்டியார் கடைகள் பல சேர்ந்திருந்த ஒரு கிட்டங்கியில் சமையற்காரர். திருப்பத்தூர்ப் பக்கத்துக் கிராமத்திலிருந்து பதினேழு வயதில் போனவர். கிட்டங்கியில் ஒரு நீண்ட கூடம், கூடம் நெடுக ஒவ்வொரு கடைக்கும் ஒரு பாய், ஒரு கைப்பெட்டி. அத்தனை பேருக்கும் அடுப்படி ஒன்று என்பார் தாத்தா.

முதலாளி ஜனவரியிலேயே கப்பல் ஏறிவிட்டார். கடையை நடத்திய மேலாளும் போய்விட்டார். கடைச் சாவியோடு மிஞ்சியவர் மேலாளுக்கு அடுத்த நிலையில் இருந்த அடுத்தாள். அவருக்கு இருபத்திநான்கு வயது, கோட்டையூர்ப் பக்கம். மூன்று வருடக் கணக்கு, அதாவது வேலைத் தவணை, முடிய நான்கு மாதம் பாக்கி இருந்தது. அவரும் தாத்தாவும் இன்னும் சிலரும் புரோம் போய், ஆற்றைக் கடந்து, தவுங்கப் கணவாயில் ஏறினார்கள். தாத்தா கையில் ஒரு பித்தளைத் தூக்கு. அதில் அரிசி. அடுத்தாள் இடுப்பில் கணக்கு ஏடு.

கணவாயில் தண்ணீர் கிடையாது. இருந்த தண்ணீரில் காலரா இருந்தது. அடுத்தாளுக்கு இரவில் வயிறு போயிற்று, மறுநாள் சாயங்காலத்துக்குள் முடிந்துவிட்டது. குழி வெட்டக் கருவி இல்லை. கல் பொறுக்கி மூடினார்களாம். எத்தனை கல் என்று தாத்தா எண்ணவில்லை. ஆனால் கடைசியாக வைத்த கல் தட்டையாக இருந்தது என்று ஒவ்வொரு முறையும் சொல்வார்.

ஊர் வந்ததும் முதல் வேலையாக அந்த வீட்டுக்குப் போய் ஏட்டையும் தூக்கையும் கொடுத்திருக்கிறார். தூக்கின் விளிம்பில் கடை விலாசம் வெட்டியிருக்கும், அது அவர்கள் சொத்து. அடுத்தாளின் தாயார் ஏட்டை வாங்கிக்கொண்டு தூக்கைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். "என் பிள்ளை கடைசியாகச் சாப்பிட்டது இதில். இதை நான் எந்த அடுப்பில் ஏற்றுவேன்? நீ வைத்துக்கொள்" என்றாராம். பிறகு அவர் கேட்டது ஒன்றே ஒன்று: என்றைக்கு?

தாத்தாவுக்குத் தேதி தெரியாது. காட்டில் ஏது தேதி. ஆனால் அவர் சொன்னார்: "மலை ஏறுவதற்கு முந்தைய விடியற்காலை முழு நிலாவில் கிரகணம் பிடித்தது. அதிலிருந்து மூன்றாம் நாள் சாயங்காலம்." அந்த அம்மா ஐயரை அழைத்துக் கணக்குப் பார்த்து, மாசி மாதம் தேய்பிறைத் திரிதியை என்று வைத்துக்கொண்டார்கள். தாத்தா இருந்தவரை ஒவ்வொரு மாசியும் அந்த வீட்டிலிருந்து அவருக்கு ஆள் வரும். இலை போட்டு உட்கார வைப்பார்கள்.

தூக்கு எங்கள் வீட்டில் இருக்கிறது. விலாசத்துக்குக் கீழே ஆணியால் கீறிய இரண்டு எழுத்து, அடுத்தாளின் பெயரின் முதல் இரண்டு எழுத்து. தாத்தாவுக்கு எழுதத் தெரியாது. கணவாயில் யாரையோ கேட்டுக் கீற வைத்திருக்கிறார்.

பேரேடு எழுதியது (ஞாயிறு, மாலை 5.50)

பர்மா காலனி தம்பிக்கு. படித்துவிட்டுச் சற்று நேரம் எழுந்து நடந்துவிட்டு வந்து எழுதுகிறேன். இங்கே எழுதலாமா என்று யோசித்தீர்களே, இந்தப் பக்கத்தில் எழுத உங்களைவிட உரிமை யாருக்கு இருக்கிறது?

உங்கள் தாத்தா சொன்னது சரி. 1942 மார்ச் 3 விடியற்காலையில் முழுச் சந்திரகிரகணம். மாசிப் பௌர்ணமி. நிலா மறையும் நேரத்தில் பிடித்ததால், பர்மாவில் இருட்டு விலகுவதற்கு முன்பே கறுக்கத் தொடங்கியிருக்கும். ரங்கூன் விழ இன்னும் ஐந்து நாள். எழுதப் படிக்கத் தெரியாத ஒரு மனிதர் அந்த மலையடிவாரத்தில் நின்று வானத்தைப் பார்த்து, அதை மனத்தில் முடிந்துகொண்டு வந்து, ஒரு தாய்க்குத் திதி கொடுத்திருக்கிறார்.

ஆயாவின் பேத்தி எழுதியது (ஞாயிறு, இரவு 8.10)

எங்கள் ஊர் புதுவயலுக்குப் பக்கம். என் ஆயாவின் அண்ணன்கள் இரண்டு பேர் மலாயாவில் ரப்பர்த் தோட்டத்துக்குப் போனவர்கள். மூத்தவர் நேதாஜியின் படையில் சேர்ந்தார். திரும்பி வந்தார். பின்னாளில் தியாகி ஓய்வூதியம் கிடைத்தது. கூடத்தில் மாலை போட்ட படம் இருக்கிறது. ஆகஸ்ட் 15-க்குப் பள்ளிக்கூடத்திலிருந்து வந்து அழைத்துப் போவார்களாம்.

இளையவரை ஜப்பானியர் சயாம் ரயில் பாதை வேலைக்குக் கொண்டுபோனார்கள். தாய்லாந்தின் பான் போங்கிலிருந்து பர்மாவின் தன்பியூசயாட் வரை 415 கிலோமீட்டர். 1942-இல் தொடங்கி 1943 அக்டோபரில் முடித்துவிட்டார்கள். அந்தப் பாதையில் இறந்த போர்க்கைதிகள் 12,000 பேருக்கு மேல். காஞ்சனபுரியில் அவர்களுக்கு வரிசை வரிசையாகப் பெயர் வெட்டிய கல் இருக்கிறது. அவர்களைவிடப் பல மடங்கு செத்தவர்கள் ஆசியத் தொழிலாளர்கள். அவர்களில் மலாயாத் தமிழர்கள் ஏராளம். அவர்களுக்குத் தனித்தனியாகக் கல் கிடையாது, பெயர் கிடையாது.

ஒரே தாய் வயிற்றுப் பிள்ளைகள். ஒருவருக்குச் சுவரில் படம், இன்னொருவருக்குச் சுவரில் ஆணிகூட இல்லை. ஆயா மட்டும் தை அமாவாசையில் ஒரு உருண்டை கூடுதலாகப் பிடிப்பார். யாருக்கு என்று கேட்டால் "ரயிலுக்குப் போனவனுக்கு" என்பார். பெயரைச் சொல்ல மாட்டார், சொன்னால் அழுதுவிடுவார்.

உங்கள் படம் பர்மா பற்றியது என்று தெரியும். இதற்கும் இடமிருக்குமா?

மாட்டுப்பண்ணை எழுதியது (ஞாயிறு, இரவு 8.45)

சிறு தகவல். போர் பர்மாவில் மட்டும் நடக்கவில்லை. செட்டிநாடு ரயில் நிலையத்துக்கு அருகில், இன்று கால்நடைப் பண்ணை இருக்கும் இடத்தில், போர்க்கால விமான ஓடுதளம் இன்னும் கிடக்கிறது. நாங்கள் அதில்தான் சைக்கிள் பழகினோம். வெயிலில் தார் இளகி டயரில் ஒட்டும். 1942 ஏப்ரலில் கொழும்பிலும் விசாகப்பட்டினத்திலும் குண்டு விழுந்து, சென்னையே காலியானபோது, இந்தப் பக்கத்து வீடுகளுக்கெல்லாம் பட்டணத்திலிருந்து உறவினர்கள் மூட்டையோடு வந்து இறங்கியதாகப் பாட்டி சொல்வார்.

பேரேடு எழுதியது (திங்கள், காலை 6.30)

படச்சுருளுக்கு இன்னொன்று. இந்த மண்ணில் ஆவணப்படம் புதியதல்ல என்பது உங்களுக்குத் தெரிந்திருக்கும். ஆனாலும் இளையவர்களுக்காக எழுதுகிறேன். கோட்டையூர் ஏ.கே. செட்டியார் ரங்கூனில் "தன வணிகன்" பத்திரிகையை நடத்தியவர். டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படித்தார். 1937 அக்டோபர் 2 அன்று கப்பலில் போய்க்கொண்டிருந்தபோதுதான் காந்தியைப் பற்றிப் படம் எடுக்கும் எண்ணம் வந்தது. உலகெங்கும் அலைந்து துண்டு துண்டாகக் கிடந்த படச்சுருளைச் சேர்த்து, 1940-இல் வெளியிட்டார். பின்னாளில் அந்தப் படத்தின் பிரதியைத் தேடுவதே பெரும் வேலையாகிவிட்டது. படம்கூட அகதியாகிவிடும், ஆத்தா. எடுத்ததை இரண்டு மூன்று இடத்தில் பத்திரப்படுத்துங்கள்.

படச்சுருள் எழுதியது (திங்கள், இரவு 10.20)

நாள் முழுக்க இவற்றைத் திரும்பத் திரும்பப் படித்தேன். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக எழுதாததற்கு மன்னியுங்கள்.

ஆயாவின் பேத்திக்கு: சயாம் ரயில் பாதையை என் படத்துக்குள் பத்து நிமிடமாக அடைத்தால் அது அந்தத் தொழிலாளர்களுக்கு இன்னொரு அவமரியாதை. அதற்குத் தனிப் படம் வேண்டும். ஆனால் அந்தக் கூடுதல் உருண்டையை விட்டுவிட எனக்கு மனமில்லை. உங்கள் ஆயா இருக்கிறாரா? இருந்தால், வரும் தை அமாவாசையன்று கேள்வி எதுவும் கேட்காமல், அவர் கையை மட்டும் எடுக்க அனுமதி கேளுங்கள்.

நடைப்பயணத்தை நடிகர்களை வைத்து எடுத்துச் சேர்க்கலாம் என்று பணம் போடுகிறவர்கள் தரப்பில் ஒரு யோசனை வந்தது. சேறு, மழை, தோளில் குழந்தை. வெகுநாள் தயங்கிக்கொண்டிருந்தேன். நேற்று பர்மா காலனி எழுதியதைப் படித்த பிறகு தயக்கம் போய்விட்டது. அப்படி ஒரு காட்சியும் என் படத்தில் வராது. தட்டையான அந்தக் கடைசிக் கல்லை எந்தக் கலை இயக்குநர் செய்து தருவார்? ஆத்தங்குடித் தரையில் அந்தத் தூக்கை வைத்து, ஜன்னல் வெளிச்சத்தில், கீறிய இரண்டு எழுத்தை மட்டும் எடுப்பேன். குரல் பேரனுடையது.

பேரேடு ஐயா, நீங்கள் கேட்ட அந்த முன்கதைக்கும் எனக்கு வழி கிடைத்துவிட்டது. அடுத்தாள் இடுப்பில் கட்டிச் சுமந்த ஏடு. அதில் இருப்பவை கடன்காரர்களின் பெயர்கள்தானே? பர்மிய விவசாயிகளின் பெயர்கள், தமிழ் எழுத்தில், ஊரும் நெல்லும் வட்டியுமாக. சாகும்வரை அவர் சுமந்தது அவர்களைத்தான். அந்த ஏடு கோட்டையூரில் அந்த வீட்டில் இன்னும் இருந்தால், ஒவ்வொரு பெயராக வாசிக்க வேண்டும்.

பர்மா காலனி எழுதியது (செவ்வாய், காலை 9.00)

அந்த வீடு பூட்டிக் கிடக்கிறது. பங்காளிகள் சென்னையிலும் வெளிநாட்டிலும் இருக்கிறார்கள். ஆனால் முன்னோருக்குப் படையலிடும் படைப்புக்கு வருவார்கள். மூத்தவரின் எண் என் அப்பாவிடம் இருக்கிறது. தாத்தா இறந்ததற்கு வந்திருந்தார். அப்பாவே பேசுவதாகச் சொல்லிவிட்டார்.

தூக்கை எடுக்க எப்போது வேண்டுமானாலும் வாருங்கள். ஒரு வேண்டுகோள் மட்டும். புளி போட்டுத் துலக்கிப் பளபளப்பாக்கச் சொல்லாதீர்கள். கீறிய எழுத்து ஏற்கெனவே தேய்ந்துவிட்டது.

ஊருணிக்கரை எழுதியது (செவ்வாய், இரவு 11.40)

மூன்று நாளாக இதைப் படித்துக்கொண்டிருந்தேன். இன்று சாயங்காலம் ஏணி போட்டுப் பரணில் ஏறினேன். ஜப்பான் நோட்டுக் கட்டுக்குப் பின்னால் தகரப் பெட்டி ஒன்று, அதில் ஏழு ஏடுகள். இதுவரை யாரும் பிரித்ததில்லை. பிரித்துப் பார்த்தேன், எனக்குப் படிக்கத் தெரியவில்லை. புள்ளி வைக்காத எழுத்து, எண்களெல்லாம் தமிழ் எண், மாகாணி அரைக்கால் என்று பின்னக் குறிகள். நடுவில் ஒரு பெயரை மட்டும் எழுத்துக் கூட்டிப் படித்தேன். மவுங் என்று தொடங்குகிறது. பர்மியப் பெயர். அதற்கு நேரே வேறு மையில் ஏதோ ஒரு வரி.

பேரேடு ஐயா, ஞாயிற்றுக்கிழமை வர முடியுமா? படச்சுருள் அக்காவும் காமிராவோடு வரட்டும். கதவைத் திறந்து வைக்கிறேன்.

பேரேடு எழுதியது (புதன், காலை 5.45)

வருகிறேன், தம்பி. காலை முதல் பஸ்ஸில் ஏறிவிடுவேன். பூதக்கண்ணாடி என்னிடம் இருக்கிறது. அதுவரை அந்த ஏட்டை வெயிலில் வைக்காதீர்கள், மை பறந்துவிடும். மடிப்பைப் பிரிக்கவும் வேண்டாம். மெல்லிய பருத்தித் துணியில் சுற்றி, தரையில் படாமல் மணையின் மேல் வையுங்கள்.